நீலம் போகிற வரை

ஜூன் 9, திங்கள்

காலையிலேயே வெயில் ஏறிவிட்டது. மாடித் தொட்டித் தண்ணீர் கொதிக்கிறது. ஹீட்டர் வேண்டாம்.

மாலதி போனில் சொன்னவை: பொடுகு ஷாம்பு. வைட்டமின் சி மாத்திரை. தேங்காய் எண்ணெய். கண்டிஷனர், பெரிய பாட்டிலாக. தலைக்குப் போடும் பிளாஸ்டிக் உறை. தொடவே கூடாதவை: ப்ளீச், சோடா உப்பு. ஏற்கெனவே ஒரு தடவை ப்ளீச் செய்த முடி, இன்னொரு தடவை தாங்காது, கையோடு வரும் என்கிறாள். மாலதி பள்ளித் தோழி. ஸ்ரீரங்கத்தில் பார்லர் வைத்திருக்கிறாள்.

நேற்று அம்மா என் தலையைக் காட்டிக் கேட்டது: "இந்த நீலம் எப்ப போகும்?"

அதுவாக வெளுக்க மாதக்கணக்காகும் என்றேன். அவ்வளவு நாள் காத்திருக்க முடியாது என்றாள். அப்புறம்தான் விஷயம் வெளியே வந்தது. பங்குனியில் அப்பாவுக்குப் பக்கவாதம் வந்து ஆஸ்பத்திரியில் கிடந்தபோது சமயபுரத்துக்கு வேண்டிக்கொண்டிருக்கிறாள். அப்பாவுக்குப் பேச்சு வந்தால் மொட்டை. யாருக்கு? எனக்கு. மஞ்சள் துணியில் காசு முடிந்து சாமி படத்துக்குப் பின்னால் வைத்திருக்கிறாள். மூன்று மாதமாக அது அங்கே இருக்கிறது. நான் பார்த்ததில்லை.

கடைத் தேங்காயை எடுத்து வழிப்பிள்ளையாருக்கு உடைத்த கதை. சொல்லவில்லை. கோபம் வருகிறதா என்று பார்த்தேன். வரவில்லை.

அப்பா ஈஸிசேரில். எது கேட்டாலும் "சரி". காபி வேணுமா, சரி. காபி வேண்டாமா, சரி. அந்த ஒரு சொல்தான் மிச்சம். வலது கையும் மரத்துப்போய்க் கிடக்கிறது.

ஜூன் 10, செவ்வாய்

மொட்டை அடிக்கப் போகிற தலையில் சாயத்தை எதற்கு எடுக்க வேண்டும்? கேட்டேன்.

"சாயம் போட்ட முடிய ஆத்தாவுக்கு எப்படிடி குடுக்கறது? எச்சில் பண்ணின பழத்தக் குடுக்கற மாதிரி. நீ அத வெச்சுக்கிட்டு இருக்கறதாலதான் அவ அவரு வாயத் தெறக்க விடமாட்டேங்கறா."

மெதுவாகத்தான் சொன்னாள். வெண்டைக்காய் நறுக்கிக்கொண்டே. நான் அதை நம்பவில்லை. ஆனாலும் நம்பாததை நிரூபிக்க வழியில்லை. நீலம் இருக்கிறது, அப்பா பேசவில்லை, இரண்டும் உண்மை.

ஆக, எடுக்க வேண்டியதுதான். அதுவும் பிய்ந்து கருகாமல், நல்ல முடியாக.

முதல் முயற்சி: மாத்திரையை அம்மியில் பொடித்து, ஷாம்பில் குழைத்து, தலை முழுக்கப் பூசி, உறை போட்டு, ஆபீஸ் மீட்டிங் முடியும்வரை உட்கார்ந்திருந்தேன். கேமரா அணைத்து. அலசினால் பாத்ரூம் தரை முழுக்க நீலம், மை பாட்டில் உடைந்தது போல. கண்ணாடியில் பார்த்தால் அப்படியே இருக்கிறது. கொஞ்சம் வெளிறியிருக்கிறதோ. தெரியவில்லை.

அம்மா எட்டிப் பார்த்துவிட்டு, டைல்ஸ் கறையாகும் என்று சொல்லிப் போனாள்.

ஜூன் 11, புதன்

ஸ்ரீரங்கம். சத்திரம் பஸ் ஸ்டாண்ட் வரை ஒரு பஸ், அங்கிருந்து ஒன்றாம் நம்பர் பஸ். பாலத்தில் ஜன்னல் ஓரம். காவிரியில் மணல்தான். பின் சீட்டில் இரண்டு அம்மாக்கள்:

"அது விக்கா, முடியா?"

"முடிதான் போல. படிச்ச புள்ளைங்க."

மாலதி உட்காரவைத்து, ஒரு முடியைத் தண்ணீரில் நனைத்து இழுத்துப் பார்த்தாள். ரப்பர் போல நீண்டால் போச்சாம். நீளவில்லை. இன்னும் உயிர் இருக்கு என்றாள். இது மேலோட்டமான சாயம், முடிக்குள் போய் உட்காராது, அதனால் அலச அலசப் போய்விடும், ஆனால் நீலம் பிடிவாதக்காரன், கடைசியில் பச்சை காட்டிவிட்டுத்தான் போவான். ராத்திரியெல்லாம் எண்ணெய் ஊறட்டும், காலையில் ஷாம்பு, உடனே கண்டிஷனர், ஒரு நாள் விட்டு ஒரு நாள். அவசரப்படாதே.

"நீலங்கறதால தப்பிச்ச. இதே கறுப்பு டையா இருந்தா ஒண்ணும் பண்ண முடியாது. அது உள்ள போயிடும். வளந்து வெட்டித்தான் ஆகணும்."

எதற்காக எடுக்கிறேன் என்று கேட்டாள். சொன்னேன். சீப்பை மேஜையில் வைத்தாள். பிறகு காசு வாங்க மறுத்துவிட்டாள்.

இந்த நீலத்தைப் போட்டுக்கொண்டது பெங்களூரில், விவாகரத்துத் தீர்ப்பு வந்த வாரம். ஏன் நீலம் என்று மாலதி கேட்டாள். பார்லரில் நீட்டிய நிற அட்டையில் கை வைத்த இடத்தில் நீலம் இருந்தது. அவ்வளவுதான். அன்றைக்கும் ஒன்றும் தோன்றவில்லை.

ஜூன் 12, வியாழன்

பிசியோ வந்தார். அப்பாவின் வலது கைக்கு அரிசியில் அளையச் சொல்கிறார், மாவு பிசையச் சொல்கிறார். அப்பா தட்டைத் தள்ளிவிடுகிறார். "பண்ணுவீங்களா சார்?" "சரி." பண்ணுவதில்லை. முப்பது வருஷம் ஃபேக்டரியில் வெல்டிங் சரிபார்த்த கை. அரிசியில் அளைய அதற்கு என்ன வந்தது.

சாயங்காலம் எண்ணெய்க் கிண்ணத்தோடு அவர் காலடியில் உட்கார்ந்து தேய்த்துக்கொண்டிருந்தேன். தலையில் ஏதோ விழுந்தது. அப்பாவின் கை. இடது கையால் வலது கையைத் தூக்கி என் உச்சியில் வைத்திருக்கிறார். விரல்கள் அசையவில்லை. கனமாக இருந்தது. பிறகு சுண்டு விரல் மட்டும் லேசாக.

நான் நகரவில்லை. டிவியில் ஏதோ ஓடிக்கொண்டிருந்தது.

ஜூன் 13, வெள்ளி

அம்மா சமயபுரம் போய் வந்தாள். கூட்டமாம். குங்குமம், வேப்பிலை, ஒரு பாட்டில் மஞ்சள் தீர்த்தம்.

நான் மீட்டிங்கில். இந்த முறை கேமரா போட்டிருந்தேன். பின்னாலிருந்து தலையில் ஒரு டம்ளர் தீர்த்தம். சாயம் சீக்கிரம் இறங்கட்டும் என்றுதான் ஊற்றினாளாம். மேனேஜர் திரையில் கண்ணைச் சிமிட்டினார்.

வெளுத்த முடியில் மஞ்சள் பட்டால் என்ன ஆகும்? நீலமும் மஞ்சளும் சேர்ந்தால்? கிளிப்பச்சை. திட்டுத்திட்டாக.

அம்மா பார்த்தாள். வாயில் கை வைத்துக்கொண்டாள். அம்மன் பச்சை நிறம் கேக்கறாளோ என்று ஒரு நிமிஷம் யோசித்தாளாம். அவளே பிறகு சொன்னது. மாலதி போனில் சிரித்து அடங்கவே இல்லை. மஞ்சளுக்கு வெயில் போதும், மாடியில் போய் உட்கார் என்றாள்.

அப்பாவிடம் காட்டினேன். ரொம்ப நேரம் பார்த்தார். "நல்லா இருக்காப்பா?" "சரி." உதடு ஒரு பக்கம் போனது. சிரிப்பாக இருக்கலாம்.

ஜூன் 15, ஞாயிறு

மாடி. துண்டு விரித்து, முடியை விரித்து. எதிர் வீட்டு மாடியில் வற்றல் காய்கிறது, இங்கே நான். மஞ்சள் உண்மையிலேயே வெளிறிவிட்டது.

அம்மா மாடிக்கு வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். அவள் தலையில் இன்றைக்குப் போட்ட டையின் வாசனை. மாதா மாதம் போடுவாள், பாக்கெட் டை, கறுப்பு. அது சாயக் கணக்கில் வராது. முடி நிறம்தானே என்பாள்.

ஏன் என் முடி, உன் முடியை வேண்டிக்கொள்ள வேண்டியதுதானே என்று கேட்டேன். கேட்க நினைக்கவில்லை, வந்துவிட்டது.

"அவரு படுத்துக் கெடக்கறப்ப நான் மொட்டையோட நின்னா பாக்கறவங்க என்ன நெனப்பாங்க? வாயால சொல்லக்கூடாது. உனக்குத்தான் இப்ப ஒண்ணும் இல்லையே."

ஒண்ணும் இல்லையே. சொன்னபிறகு அவளுக்கே உறைத்திருக்க வேண்டும். வற்றலைக் காக்கா கொத்துது என்று எதிர் வீட்டைக் கூப்பிட்டாள். காக்கா ஒன்றும் இல்லை.

வலித்ததா? எங்கேயோ. பல் டாக்டர் ஊசி போட்டபிறகு கன்னத்தைத் தொட்டால் தெரியுமே, அந்த மாதிரி.

ஜூன் 17, செவ்வாய்

எண்ணெய் வேலை இப்போது அப்பாவுடையது. சாயங்காலம் ஆனால் அவரே கிண்ணத்தைப் பார்க்கிறார். பிசியோவிடம் காட்டினேன். அரிசியை எடுத்து உள்ளே வைக்கச் சொல்லிவிட்டார், "இதையே பண்ணுங்க சார்." கட்டைவிரல் மடங்குகிறது. ஒரு கொத்து முடியைப் பிடித்து வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்க்கிறார், வெல்டிங்கில் விரிசல் தேடுகிற மாதிரி. காதுக்குப் பின்னால் இன்னும் நீலம் இருந்த இடத்தைக் கண்டுபிடித்து அங்கேயே தேய்த்தார். நான் விட்ட இடம்.

காலையில் அலசினேன். தண்ணீர் வெளிர்நீலம். முடி உடையவில்லை. சீப்பில் வந்ததும் வழக்கமாக வருவதுதான்.

நீலம் போனால் இந்தச் சாயங்காலமும் போய்விடும் என்று தோன்றியது. அவசரமில்லாமல் அலசலாம். அம்மாவிடம் சொல்லவில்லை.

ஜூன் 19, வியாழன்

அம்மா தினமும் காலையில் என் பின்னலைப் பிரித்து ஜன்னலில் பார்க்கிறாள், பால் திரிந்ததா என்று பார்ப்பது போல. இன்னும் கொஞ்சம்தான் என்கிறாள். பிறகு அப்பா முகத்தைப் பார்க்கிறாள்.

பால். மின் கட்டணம். அப்பாவின் ரத்த அழுத்த மாத்திரை. வைட்டமின் சி தீர்ந்தது, இன்னொரு டப்பா.

ராத்திரி கண்ணாடி முன் மொட்டைத் தலையை நினைத்துப் பார்த்தேன். எனக்கு முடி வேண்டும். இத்தனை நாளில் எது வேண்டும் என்று தெளிவாகத் தெரிந்தது இது ஒன்றுதான். ஆனால் அப்பா பேசவும் வேண்டும். அதற்குமேல் யோசனை ஓடவில்லை, தூங்கிவிட்டேன்.

ஜூன் 20, வெள்ளி

காவிரியில் தண்ணீர் வந்துவிட்டதாம். மாலதி சொன்னாள். போனிலேயே படம் கேட்டுப் பார்த்து, போதும் என்றாள். கடைசிப் பச்சையை அடக்கச் சிவப்புக் கலந்த கண்டிஷனர் ஒரு கை. பிசுக்கென்று. அலசி ஆறவிட்டால் வைக்கோல் நிறம். வேர்ப்பக்கம் கறுப்பு. மெத்தென்று இருக்கிறது.

அவ்வளவுதான். முடிந்தது.

ஜூன் 22, ஞாயிறு

காற்று பலமாக. ஜன்னல் கதவுகள் அடித்துக்கொள்கின்றன.

காலை. அப்பா ஈஸிசேரில், நான் கீழே, பழக்க தோஷத்தில் எண்ணெய்க் கிண்ணத்தோடு. அம்மா முடியைப் பிரித்துப் பார்த்தாள். வெயிலில் பிடித்துப் பார்த்தாள். உள்ளே போய் அந்த மஞ்சள் முடிச்சை எடுத்து வந்தாள். அப்பாவுக்கு இதுவரை எதுவும் தெரியாது. இன்றைக்குத்தான் சொன்னாள்.

"சாயம் சுத்தமாப் போயிடுச்சுங்க. இனிமே ஒரு குறையும் இல்ல. நீங்க ஒரு வார்த்தை பேசுங்க, மறுநாளே பானுவக் கூட்டிட்டுப் போயி மொட்டை போட்டுடறேன்."

என் தலையில் தேய்த்துக்கொண்டிருந்த அப்பாவின் கை நின்றது. விரல்கள் முடியைப் பற்றின. ஐந்து விரலும்.

"வேணாம்."

ஜன்னல் அடித்துக்கொண்டது. அப்பா மறுபடி, "வேணாம்." எச்சில் வழிந்தது, துடைக்கவில்லை.

அம்மா முடிச்சோடு கை கூப்பினாள். அழுதாள். பேசிட்டாரு, பேசிட்டாரு என்றாள். பிறகு பேசியது என்ன என்பது உறைத்தது. தரையில் உட்கார்ந்துவிட்டாள். அம்மன் கொடுத்துவிட்டாள், கொடுத்த வார்த்தையோ வேண்டாம் என்கிறது. என்னைப் பார்த்து முதல் தடவையாக, "நீ என்னடி சொல்ற?" என்றாள்.

எனக்கும் முடி வேண்டும் அம்மா என்றேன். சொல்லும்போதே அழுகை வந்துவிட்டது. மார்ச்சிலிருந்து வராதது. அதற்கும் முன்னாலிருந்து.

அம்மா முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். "வேண்டிக்கிட்டது நான்தான. நானே குடுத்துடறேன்." யாராவது ஏதாவது நினைத்தால்? "நெனச்சுக்கட்டும். ஆளு பேசறாரு."

கொண்டையை அவிழ்த்தாள். நுனியை முகத்துக்கு நேரே பிடித்துப் பார்த்தாள். கறுப்பு, பாக்கெட் கறுப்பு. முகம் மாறியது. மாத்திரை மிச்சம் இருக்கிறதா என்று கேட்டாள். இருக்கிறது என்றேன். நீலம் போனபோது இது போகாதா என்றாள்.

போகாது. மாலதி சொன்னது காதில் இருக்கிறது. சொல்ல வாய் வரவில்லை.

என்னை எழுப்பிவிட்டு அந்த இடத்தில் உட்கார்ந்தாள். அப்பா காலடியில், முதுகைக் காட்டி, முடியைப் பின்னால் தள்ளி. கிண்ணத்தை அவர் மடியில் வைத்தாள்.

"எனக்கும் தேச்சு விடுங்க."

அப்பா இடது கையால் வலது கையைத் தூக்கவில்லை. வலது கையே போனது.

"சரி."