தாளாளர் அப்பாவின் வழுக்கை

மார்ச் 9, திண்டிவனம்
இன்றைக்கும் ஒரு மீசை. ஒலக்கூர்க்காரர்கள் தங்கள் தாத்தா சிலைக்கு “இன்னும் கொஞ்சம் முறுக்கா” வேண்டும் என்கிறார்கள். செத்துப்போனவர்களுக்கு இருபது வருடமாக மீசை முறுக்கியே என் கை காய்த்துப்போனது.

என் உயிரெல்லாம் விழுப்புரம் கல்லூரியில் நான் எழுப்பும் கல்மாடத்தில் இருக்கிறது. கருங்கல் இருட்டறை, கூரையில் ஒரே ஒரு துளை. வருடத்தில் இரண்டு நாள், ஏப்ரலிலும் ஆகஸ்டிலும், உச்சி வெயில் நேர் தலைக்கு மேல் வரும். யாருக்கும் நிழல் இருக்காது. மற்ற நாள் கண்ட இடத்தில் அலையும் வெளிச்சம், அன்றைக்குத் தரை நடுவில் விழும். கணக்கு இயற்பியல் பேராசிரியர் விருத்தாசலத்துடையது. கல் என்னுடையது. சண்டை இருவருக்கும் பொது.

மார்ச் 23
“சயின்ஸுக்கு அழகு தேவையில்லைங்க மேடம்” என்றார் விருத்தாசலம் சார். “அப்போ நீங்க ஏன் சார் தலைக்கு டை அடிக்கிறீங்க?” என்றேன். அதற்கப்புறம் கணக்கு மட்டும் வாட்ஸ்அப்பில் வந்தது.

ஏப்ரல் 2
தாளாளர் தேவநாதன் பார்க்க வந்தார். “என்னம்மா இது, காலி ரூமு!” 21ஆம் தேதி வெளிச்சம் விழாவிட்டால் உள்ளே அவர் அப்பாவின் மார்பளவுச் சிலையை வைத்துவிடுவாராம். செய்வதும் நானேதானாம்.
பயமாக இருக்கிறது. மறுபடியும் மீசையா?

ஏப்ரல் 21
விழவில்லை.

தாளாளரோடு உள்ளே போனேன். கூரையில் பொட்டு வெளிச்சம் இல்லை. ஏணி தேடி, மேலே ஏறிப் பார்த்தால் — துளையில் சிமெண்ட்! அதைக் கொத்தி எடுப்பதற்குள் உச்சி தாண்டிவிட்டது.

நேற்று பூச்சு வேலையை முடித்த மேஸ்திரி சகாயராஜ் கூச்சமே இல்லாமல் சொன்னார்: “நான்தாங்க அடைச்சேன். நான் போட்ட தளம் ஒழுவுதுனு நாலு பேரு பேசிக்கினு போனா என் பேரு என்னாவறது? அதான் ஜல்தியா அடைச்சுட்டேன்.”

“நாளைக்கும் கிட்டத்தட்ட விழும் சார்” என்று விருத்தாசலம் கெஞ்சினார். “கிட்டத்தட்டல்லாம் வேணாம்” என்று தாளாளர் காரில் ஏறிவிட்டார்.

மேஸ்திரியைத் திட்ட வாயெடுத்தேன், சிரிப்பு வந்துடுச்சு. வீட்டுக்கு வந்துதான் அழுதேன்.

மே 6
தாளாளர் அப்பாவின் போட்டோ வந்தது. மீசையே இல்லை! மண்டை பளபளவென்று சுத்த வழுக்கை. “கொஞ்சம் முடி வச்சுடுங்கம்மா” என்கிறார் தாளாளர்.

மாடத்தில் வைத்துப் போட்டோவை விருத்தாசலம் சாரிடம் காட்டினேன். “நல்ல குவியாடி” என்றார், சிரிக்காமல். “வெளிச்சம் பட்டா நாலு பக்கமும் தெறிக்கும்.”
நான் அவரைப் பார்த்தேன். அவர் துளையைப் பார்த்தார்.

மே 7
“பெத்த அப்பாவையே அடையாளம் தெரியாமப் பண்ணலாங்களா?” என்று கேட்டேன். தாளாளர் இறங்கி வந்தார். முடி கிடையாது.

ஜூலை 30
வெண்கலச் சிலை மாடத்துக்குள் வந்தாயிற்று. “மூஞ்சிய உட்டுட்டு மண்டையவே தேய்ச்சிக்கினு இருக்கீங்களே!” என்று சகாயராஜுக்கு ஆச்சரியம். விஷயத்தைச் சொன்னேன். மனுஷன் துளையிலிருந்து தூக்குக்குண்டை இறக்கி, அது உச்சந்தலையைத் தொடும்வரை பீடத்தை நகர்த்திக்கொண்டே இருந்தார். பிராயச்சித்தமாம்.

ஆகஸ்ட் 20
மழை மேகம். “நீங்க சாமி கும்புடுவீங்களா மேடம்?” — கேட்டது யார்? சாட்சாத் விருத்தாசலம் சார்!

ஆகஸ்ட் 21
காலை முழுக்க மூட்டம். சிலைத் திறப்புக்கு வந்த தாளாளரை விருத்தாசலம் சார் பேச்சுக் கொடுத்தே உச்சிவேளை வரை இழுத்தடித்தார். தாளாளர் பொறுமையிழந்து மாலையைத் தூக்கிய நேரம் மேகம் விலகியது.

வழுக்கையில் வந்து இறங்கியது வெயில். சுவரெல்லாம் பொன்னாக, எல்லோர் முகத்திலும் அந்த வெளிச்சம். தாளாளர் மாலையோடு அப்படியே நின்றார். “அப்பா” என்றார். கண்ணைத் துடைத்துக்கொண்டார். கிண்டலாகத்தான் ஆரம்பித்தேன், ஆனால் எனக்கும் அழுகை வந்துவிட்டது.

“அழகா இருக்குங்க” என்றார் விருத்தாசலம் சார். தேதியோடு எழுதி வைக்கிறேன், நாளைக்கு இல்லை என்பார்.

செப்டம்பர் 3
தாளாளர் போன். திண்டிவனத்தில் கட்டும் கல்லூரிக்கும் ஒரு மாடம் வேண்டுமாம்.
“உள்ள யாரை வைக்கணுங்க?”
“யாரும் வேணாம்மா. நீங்களும் அந்த சாரும் என்ன தோணுதோ பண்ணுங்க.”

ஒலக்கூர் மீசையை வேறு ஆளிடம் அனுப்பிவிட்டேன். சகாயராஜுக்கு விஷயம் எப்படிப் போனதோ, ராத்திரிக்குள் போன் அடித்துவிட்டார்.
“இந்த வாட்டி எத்தினி ஓட்டை மேடம்? மொதல்லயே சொல்லிடுங்க.”