வலது கால் நீங்கலாக எல்லோரும் நலம்

அன்பு மகன் கர்ட்டுக்கு,

அம்மா எழுதுவது. இங்கே நானும் நலம், நாயும் நலம், உன் அப்பாவும் வலது கால் நீங்கலாக நலம். கனெக்டிகட்டில் நீயும் உன் மனைவியும் ஜலதோஷம், காய்ச்சல் இல்லாமல் இருக்கிறீர்களா? போன் செய்யாமல் கடிதம் எழுதுகிறாளே என்று பயந்துவிடாதே. போனை எடுத்தால் உன் அப்பா பக்கத்தில் வந்து உட்கார்ந்துகொள்கிறார். லேசான சுளுக்கு என்று அவர் உன்னிடம் சொன்னது பொய். உண்மையைச் சொல்லக் கூடாது என்று எனக்குத் தடை போட்டிருக்கிறார். காப்பீட்டுக் கம்பெனியில் உட்கார்ந்து இந்தச் சிகிச்சைக்குப் பணம் தரலாம், தர வேண்டாம் என்று சொல்கிற வேலை உனக்கு, கேட்டால் உனக்குச் சங்கடமாக இருக்குமாம். எங்களுடையது உன் கம்பெனி இல்லை, வேறு கம்பெனி, இருந்தாலும் ஒரே தொழில்காரர்கள் ஆயிற்றே என்கிறார்.

ஜனவரியில் ஏரி நன்றாக உறைந்ததும் வழக்கம்போல மீன் பிடிக்கப் போனார். யாரோ பனிக்கட்டியில் துளை போட்டு மீன் பிடித்துவிட்டு அப்படியே விட்டுப் போயிருக்கிறார்கள், மேலே பனி மூடியிருந்தது, வலது கால் அதில் இறங்கிச் சிக்கிக்கொண்டது, உடம்பு மட்டும் ஒரு பக்கமாகத் திரும்பிவிட்டது. பாதத்தின் நடு எலும்புகள் மூட்டை விட்டு விலகிவிட்டன. வீக்கம் வற்றியதும் அறுவை செய்து திருகாணி வைக்க வேண்டும், தள்ளிப்போட்டால் எலும்பு கோணலாகக் கூடிவிடும், அப்புறம் பிரேக் மிதிக்க அந்தப் பாதம் உதவாது என்று டுலூத் ஆஸ்பத்திரி டாக்டர் அப்போதே தெளிவாகச் சொன்னார். பள்ளிப் பேருந்து ஓட்டுவதை விட்டால் உன் அப்பாவுக்கு வேறு என்ன இருக்கிறது, நீயே சொல். ஊர் ஜனங்கள் பாத்திரம் பாத்திரமாக உருளைக்கிழங்கு ஹாட்டிஷ் சமைத்துக் கொண்டுவந்தார்கள், கடைசியில் நாய்க்கே அலுத்துப்போனது.

காலில் போட்ட கட்டைப் பிரித்துப் பார்க்க நம் ஊர் கிளினிக்குக்குப் போனோம். எப்படி இருக்கீங்க ஆர்லன் என்று நர்ஸ் கேட்டாள். நம் ஊர் ஆண்பிள்ளைகளைப் பற்றி உனக்குத் தெரியாததா, தலை கழன்று கையில் வந்தாலும் மோசமில்லை என்பார்கள். வலியில் முகம் வெளுத்துக் கிடந்த மனிதர், "பரவால்லம்மா, முன்னைக்கு எவ்வளவோ தேவலை, உங்கம்மா சௌக்கியமா" என்று குசலம் விசாரித்தார். தேவலை என்று அவள் எழுதிக்கொண்டாள். அதைப் படித்துக் காயத்துக்கு எண் போடுகிறவள் நம் சர்ச்சுக்கு வருகிற ரோண்டா. கம்பெனி எந்த மனிதரையும் பார்ப்பதில்லை, அந்த எண்ணைத்தான் பார்க்கிறது என்று உனக்கு நான் சொல்ல வேண்டுமா. எஸ் 93.324 என்றால் வலது பாதத்தின் நடு மூட்டு விலகியது, அதுவரை சரி. கடைசியில் ஓர் எழுத்து உண்டு. ஏ என்றால் சிகிச்சை இன்னும் நடக்கிறது, டி என்றால் அது முடிந்து ஆறிவருகிறது. தேவலை என்பதைப் பார்த்ததும் ரோண்டா டி போட்டுவிட்டாள். ஆறிவரும் பாதத்துக்கு அறுவை தேவையில்லை, விரைவில் பூரண குணமடைய வாழ்த்துகிறோம் என்று கம்பெனியிலிருந்து பதில் வந்தது.

போன் போட்டேன். எடுத்த பையன் அவ்வளவு மரியாதையாகப் பேசினான். "எங்க கிட்ட இருக்கிறபடி சாரோட கால் நல்லா ஆறிட்டு வருது மேடம்" என்றான். அந்தக் கால் என் எதிரில்தான் கிடக்கிறது, பூசணிக்காய் மாதிரி வீங்கி நீலம் பாரித்திருக்கிறது என்றேன். "புரியுது மேடம், ஆனா எங்களுக்கு வந்த கால் அது இல்லையே" என்றான். இத்தனை வருடக் குடித்தனத்தில் உன் அப்பாவுக்கு இன்னொரு கால் இருப்பது எனக்கே அன்றைக்குத்தான் தெரியும். அவன் குரல் உன் குரல் மாதிரியே இருந்தது கர்ட், அதனால் திட்டக்கூட எனக்கு வாய் வரவில்லை.

ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து காபி குடிக்கும்போது ரோண்டாவைப் பிடித்தேன். இங்கே யாரும் எடுத்த எடுப்பில் குறை சொல்லிவிட முடியுமா, குளிரைப் பேசி, அவள் பேரனைப் பேசி, அவள் கொண்டுவந்த கேக்கைப் புகழ்ந்து, அப்புறம்தான் காலுக்கு வர முடிந்தது. அவள் முகம் வாடிவிட்டது. "ஐயோ மார்லிஸ், அவரே தேவலைன்னு சொன்னதா இருந்துச்சே. வாத்து கடிச்சா ஒரு நம்பர், வாத்து முட்டினா வேற நம்பர் இருக்கு, நம்மூரு ஆம்பளை தேவலைன்னு சொன்னா அதுக்கு ஒரு நம்பர் வச்சிருக்கக் கூடாதா" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டாள். மறுநாளே ஏ போட்டு அனுப்பினாள், பாவம். கம்பெனி சும்மா இருக்குமா, ஆறிவந்த பாதம் எப்படித் திடீரென்று ஆறாமல் போனது என்று கேட்டது, ஏரி மேல் நடந்ததால் இது நீரில் நடந்த விபத்தா நிலத்தில் நடந்த விபத்தா என்றும் கேட்டது. விளக்கம் போய்ப் பதில் வந்து அனுமதி கிடைப்பதற்குள் ஏரி உருகத் தொடங்கிவிட்டது.

போன வாரம்தான் அறுவை நடந்தது. எலும்பு கோணலாகக் கூடிவிட்டிருந்தது, முடிந்தவரை நேராக்கினேன், நடப்பார், ஆனால் நொண்டுவார், பேருந்தை மறந்துவிட வேண்டியதுதான் என்றார் டாக்டர். உன் அப்பா அவர் கையைக் குலுக்கி நன்றி சொன்னார். திரும்பி வரும்போது பள்ளிக்கூட வாசலில் மஞ்சள் பேருந்துகள் வரிசையாக நின்றன, அவர் அந்தப் பக்கம் பார்க்காமல் முகத்தைத் திருப்பிக்கொண்டார். எனக்குத் துக்கத்தைவிடக் கோபம்தான் வந்தது, யார் மேல் என்றுதான் தெரியவில்லை. பார்க்க வருகிறவர்களிடமெல்லாம், "எங்க கர்ட் கிட்ட இந்தக் கேஸ் வந்திருந்தா இப்படி ஆகியிருக்காது, ஒரு போனைப் போட்டுக் கால் எப்படிங்க இருக்குன்னு கேட்டிருப்பான்" என்கிறார். வந்தவர்கள் தலையாட்டுகிறார்கள், நானும் ஆட்டுகிறேன்.

ஆண்டவர் உங்கள் இருவருக்கும் நல்ல உடம்பும் நிம்மதியும் தரட்டும். சாலையில் பனி இன்னும் இருக்கும், குளிர்கால டயரைக் கழற்ற அவசரப்படாதே. ஈஸ்டருக்கு முடிந்தால் வந்துவிட்டுப் போ. அப்பா சொல்வதுபோல நீ ஒரு தடவையாவது யாருக்காவது போன் செய்து கேட்டதுண்டா என்று மறக்காமல் எழுது. இல்லை என்றாலும் எழுது கண்ணா, தைரியமாக எழுது. தபாலை இப்போதெல்லாம் நான்தான் எடுத்துவருகிறேன், அவரால் சாலையோரத் தபால் பெட்டி வரைக்கும் நடக்க முடிவதில்லை.

என்றும் உன் நலம் வேண்டும் அம்மா,
மார்லிஸ்