வேலிக்கு அந்தப் பக்கத்துப் புதர்

மார்ச் 26, 2016
பனி பாதி கரைந்துவிட்டது. பக்கத்து வீட்டு லோவலிடம் அந்தப் புதரைப் பற்றி ஒருவழியாகப் பேசிவிட்டேன். வேலிக்கு இரண்டு பக்கமும் நிற்பது விபர்னம் என்ற பூப்புதர்தான். என்னுடையது உருண்டு திரண்டு நிற்கிறது. அவருடையது கோணல்மாணலாக வளர்ந்து என்னுடையதன் காலை வெயிலை மறைக்கிறது. "முன் பெஞ்சில உயரமான பையன் உட்கார்ந்தா, பின்னாடி இருக்கிறவனுக்குப் போர்டு தெரியுமா?" என்று உதாரணம் சொல்லி, வெட்டிவிடச் சொன்னேன்.

லோவல் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தார். "முழுசாவா டீச்சர்? ஆர்டிஸ் வச்சது."

அவர் மனைவி ஆர்டிஸ் இறந்து ஐந்து வருடமாகிறது.

"அந்த இடத்துல நல்லதா வேற ஒண்ணு வைங்களேன்" என்றேன்.

மார்ச் 28
காலை எட்டு மணிக்கு ரம்பச் சத்தம். பத்து நிமிடம்கூட ஆகவில்லை. வெயில் நன்றாக விழுகிறது.

ஜூன் 19
இவ்வளவு பூ நான் பார்த்ததில்லை. கிளையே தெரியவில்லை. எல்லாம் வெயிலின் வேலை!

ஆகஸ்ட் 30
இந்நேரம் ஒரே கொத்தில் பச்சை, இளஞ்சிவப்பு, நீலம் என்று காய்கள் தொங்க வேண்டும். வெறும் காம்புகள். பூத்த வாரம் பெய்த மழையோ? உரம் அதிகமோ?

அக்டோபர் 1
இலைகள் வழக்கம்போல் ஒயின் சிவப்பு. காய் ஒன்றுகூட இல்லை. தேவாலயத்துப் பீன்ஸ் விருந்துக்குப் பதினெட்டு வருடமாக என் கிளைகள்தான் மேசை அலங்காரம். இன்று வெறும் இலையைக் கொண்டுபோனேன். பானையைக் கிளறிக்கொண்டிருந்த மேவிஸ், "என்ன டீச்சர், காயெல்லாம் பறவைங்களுக்கே பரிமாறிட்டீங்களா?" என்றாள். சிரித்து வைத்தேன்.

அக்டோபர் 4
நாற்றுப் பண்ணை எவரெட்டிடம் கேட்டேன்.

"பக்கத்துல வேற விபர்னம் இருக்கா?"

"இருந்தது."

"இருந்ததா? அப்புறம் எப்படிக் காய்க்கும்? அதோட மகரந்தம் அதுக்கே ஆகாதுங்க. வேற வம்சத்துச் செடி ஒண்ணு பக்கத்துல நிக்கணும்."

முப்பத்தொரு வருடம் அறிவியல் சொல்லிக்கொடுத்தவள் நான். பூவைப் பிய்த்துக் காட்டி மகரந்தச் சேர்க்கைப் பாடம் நடத்தியவள்.

அக்டோபர் 9
லோவலிடம் சொல்ல வேண்டும்.

அக்டோபர் 17
சொல்லவில்லை. வீட்டை விற்றுவிட்டு அடுத்த மாதம் மகள் கொரினோடு இருக்கப் போகிறாராம். தபால்காரர் சொல்லித்தான் தெரிகிறது. எத்தனை பிள்ளைகளிடம், "தப்பைச் சொல்லிடு, மனசு லேசாயிடும்" என்றிருப்பேன்! எனக்கு வேலிவரைகூடக் கால் போகவில்லை.

நவம்பர் 5
ஆப்பிள் பை சுட்டு எடுத்துக்கொண்டு போனேன். சமையலறை முழுக்க அட்டைப் பெட்டிகள். உட்காராமலே சொல்லி முடித்தேன் – உங்கள் செடி போனதால்தான் என் செடி காய்க்கவில்லை, தப்பு என்னுடையது என்று.

"தெரியுமே" என்றார்.

"தெரிஞ்சும் ஏன் சொல்லலை?"

"எங்க சொல்ல விட்டீங்க? உதாரணத்தோடல்லவா வந்து நின்னீங்க!" சிரித்தார். பிறகு சிரிக்கவில்லை. "உங்களோடது முதல் நாலு வருஷம் காய்க்காம நின்னுது, ஞாபகம் இருக்கா? ஆர்டிஸ்தான் பண்ணையில விசாரிச்சு, தோதான செடியா வாங்கி வச்சா. 'வின்னி டீச்சர்கிட்ட சொல்லிடாதீங்க, தானா காய்ச்சுதுன்னு சந்தோஷப்படட்டும்'னா."

"அப்புறம் ஏன் வெட்டினீங்க லோவல்?"

"உங்களுக்காக வச்ச செடி. வேண்டாம்னு நீங்களே சொன்னப்புறம் நான் யாரு?"

அந்த நாலு வருடக் கதையைப் பதினைந்து வகுப்புகளுக்குச் சொல்லியிருக்கிறேன். பொறுமைக்கு உதாரணமாக. என் பொறுமைக்கு! ஒருமுறை ஆர்டிஸ் பள்ளிக்குக் கேக் கொண்டுவந்த நாளில், அவளை வைத்துக்கொண்டே சொன்னேன். பிள்ளைகளோடு சேர்ந்து அவளும் கைதட்டினாள்.

ஐயோ, கைதட்டினாளே.

நவம்பர் 12
லோவல் கிளம்பிவிட்டார். கிளம்பும் முன், புதுச் செடி வாங்கி வேலிக்கு அவர் பக்கத்தில் நடுகிறேன் என்றேன். "வேண்டாம் டீச்சர், வீட்டை வாங்கினவன் பிடுங்கிப் போட்டுடுவான். உங்க பக்கத்துலயே வைங்க" என்றார்.

மே 7, 2017
நட்டேன். எவரெட் தேர்ந்துகொடுத்த, வேறு வம்சத்துச் செடி. இடுப்புயரம்தான். லோவலுக்குக் கடிதம் போட்டேன்.

அக்டோபர் 8
இந்த வருடமும் காய் இல்லை. அதையும் எழுதினேன். நடுங்கும் கையெழுத்தில் ஒரே வரி பதில்: "இலை எப்படி?" நல்ல சிவப்பாக ஐந்து இலைகளைப் புத்தகத்தில் வைத்து அழுத்தி அனுப்பினேன்.

ஜூன் 14, 2018
புதுச் செடியில் பதினொரு பூங்கொத்து. பழையதிலும் பூ. தேனீக்கள் இரண்டுக்கும் நடுவே போய்ப்போய் வருகின்றன. முற்பகல் முழுவதும் நாற்காலி போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தேன். உள்ளே வந்து எல்லாவற்றையும் எழுதினேன். உறையின் மேல் பழக்கத்தில் லோவல் பெயரை எழுதிவிட்டேன். அவர் இறந்து மூன்று மாதமாகிறது. வேறு உறை எடுத்து அவர் மகள் கொரினின் பெயரை எழுதினேன்.