பத்துச் சொற்கள்

அன்புள்ள கெய்லா,

நீ மகளோடு அம்மா வீட்டுக்குப் போனதிலிருந்து அடிலெய்டில் ஒரே மழை. முழங்கால் தேவலை.

மாநிலக் கால்பந்து லீக்கில் நாங்கள் செய்கிற தில்லுமுல்லு உனக்குத் தெரியுமே. சீசனுக்கு முன்னால் நினைவுச் சோதனைக்காக டாக்டர் பத்துச் சொற்கள் சொல்வார்; ஐந்துதான் நினைவிருப்பதாக நடிப்போம். அப்போதுதான் பந்துக்கு எம்புகையில் எவன் முட்டியாவது தலையில் இடித்தாலும், மறுபடி சோதிக்கும்போது மதிப்பெண் இதைவிடக் குறையாது, ஆட விடுவார்கள்.

"இந்த வருஷமாவது ஒழுங்காச் சொல்லித் தொலை" என்று கத்திவிட்டுத்தானே போனாய்?

நேற்று நடிக்கவில்லை. கண்ணை மூடி, முட்டி மோதி யோசித்தேன். ஐந்துதான் வந்தது. "வழக்கம்போல அஞ்சு! மாறவே மாட்டே நீ. போய் ஆடுப்பா" என்று டாக்டர் சிரித்தார். நானும் சிரித்தேன்.

குட்டியின் பிறந்தநாளுக்குக் கட்டாயம் வருவேன். தேதியை மட்டும் எழுதி அனுப்பு.

உன் கணவன்