மோசேஸ் பெரியப்பாவுக்கு வந்த இரங்கல்

கேளம்பாக்கம்,
ஞாயிறு, ஆராதனை முடிந்து வந்து

அன்பு மகள் பிரிசில்லாவுக்கு அப்பா எழுதுவது. ஆண்டவர் புண்ணியத்தில் நானும் ஷேர் ஆட்டோவும் ஓடிக்கொண்டிருக்கிறோம், அயர்லாந்துக் குளிரில் நீ சுகமா என்று கேட்டால் உன் போன் சுகம் என்றுதான் சொல்கிறது, அதை நான் நம்பவில்லை, அதனால்தான் தபால்.

இருபத்திரண்டு வருஷமாக இந்த ரோட்டில் ஓட்டுகிறேன், இப்போது ஏறுகிறவர்கள் ரோட்டைப் பார்ப்பதில்லை, போனில் மேப்பு போட்டுக் காட்டும் நீலக் கோட்டைப் பார்க்கிறார்கள். போன வாரம் ஒரு அம்மா தன் தெருமுனையிலேயே வண்டி நின்றும், இன்னும் கொஞ்ச தூரம் காட்டுதே என்று இறங்க மாட்டேன் என்றது. எதிரே அது தினமும் பால் வாங்கும் கடை. உன் அம்மா சாராளும் அப்படித்தான், நீ அனுப்பும் மெசேஜை ஜெபக்கூட்டத்தில் வாசித்துக் காட்டுகிறாள். "தங்கள் உடல்நலத்தைப் பேணுங்கள் அன்புத் தந்தையே" என்று நீயா எழுதினாய்? நைனா, மாத்திரைய முழுங்குனியா இல்லியா என்று கத்துகிறவள் நீ. இதைச் சொன்னால், பொண்ணு மரியாதையா எழுதுனா கூட உனக்கு இன்னா சந்தேகம், போலீசாட்டம் நோண்டிகினு கீற என்று சாராள் என் மேல் பாய்கிறாள்.

எனக்கு மனசு ஆறவில்லை. கூப்பிட்டாலும் டியூட்டி என்று கட் செய்துவிடுகிறாய். செவ்வாய்க்கிழமை வேண்டுமென்றே, மோசேஸ் பெரியப்பா தவறிவிட்டார் என்று உனக்கு மெசேஜ் போட்டேன். ஒரு நிமிஷம் ஆகவில்லை, "பெரியப்பாவின் அன்பும் வழிகாட்டுதலும் என்றும் நம் நினைவில் வாழும்" என்று வந்து விழுந்தது. எங்கள் வீட்டில் நான்தான் மூத்தவன், அம்மாவுக்கும் அக்கா கிடையாது, உனக்கு ஏதம்மா பெரியப்பா? பொய்ச்சாவு சொன்ன பாவத்தை நான் பார்த்துக்கொள்கிறேன். வேலைப்பளுவில் மிஷினைப் பதில் எழுத விட்டிருக்கிறாய், சரி. இல்லை, எங்களிடம் மறைக்கிற கஷ்டம் ஏதாவது உண்டா? நான் எழுதுவதை நீ படிக்கிறாயா என்பதே இப்போது எனக்குச் சந்தேகம்.

படித்தால் இதைப் படி. அம்மாவுக்கு மார்பில் கட்டி. அடுத்த மாதம் பதினெட்டாம் தேதி செங்கல்பட்டில் ஆபரேஷன். உன்னிடம் சொல்லக்கூடாது என்று சத்தியம் வாங்கியிருக்கிறாள். போனில் மூன்று தடவை எழுதி அழித்துவிட்டேன். இதற்கும் அந்த மிஷின் எனக்கு ஆறுதல் சொன்னால் நான் தாங்க மாட்டேன்.

ஆண்டவர் கை உன் தலைமேல் இருக்கட்டும். குளிருக்குக் காதை மூடிக்கொண்டு வெளியே போ. இது கிடைத்ததும் கூப்பிடு, எடுத்த எடுப்பில் என்னைத் திட்டு, அப்போதுதான் நீ என்று நம்புவேன்.

உன் நைனா,
ஞானதாஸ்