மெழுகுமேல் போட்ட பழி

இத்தாலி, டிசம்பர் 28

அன்புள்ள நோட்புர்கா,

நான் நலம். உன் முதுகுவலி தேவலையா? பசு கன்று ஈன்றுவிட்டதா?

நேற்றைய பனிச்சறுக்குப் போட்டியை டிவியில் பார்த்திருப்பாய். உன் தம்பி வெண்டலின் இருபத்தேழாவதாக வந்துவிட்டு, "பலகை ஓடல, மெழுகு சரியில்ல" என்று ஊரறியச் சொன்னான். பலகை வழுக்கி ஓட அதன் அடியில் மெழுகு தேய்ப்பவன் நான்தான் என்று நம் ஊரில் யாருக்குத் தெரியாது?

போட்டிப் பலகையை மலை உச்சி வரை நான்தான் சுமப்பேன். போட்டி தொடங்கும் வாசலில்தான் அதை அவன் மாட்ட வேண்டும். நேற்று நான் அந்தப் பக்கம் திரும்பிய நேரத்தில், யாரோ படம் எடுக்கிறார்கள் என்று உன் அருமைத் தம்பி அதை மாட்டிக்கொண்டு கரட்டுப் பனியில் சறுக்கிக் காட்டியிருக்கிறான். மெழுகெல்லாம் அங்கேயே போயிற்று.

"ஏண்டா இப்படிப் பண்ணுன?" என்றேன்.

"விடுங்க அத்தான், டிவிக்காரங்ககிட்ட ஏதாச்சும் சொல்லணும்ல!"

அணி மானேஜர் என்னைத்தான் முறைக்கிறார். மெழுகுக்காரன் டிவியில் வாய் திறக்கக் கூடாதாம்.

உன் அம்மாவிடம் சொல்லாதே. கை வெடிப்புக்குச் சாமந்திக் களிம்பு அனுப்பு. கிறிஸ்துமஸ் பழரொட்டி மிச்சமிருந்தால் அதையும். இங்கே பேச்சுத்துணைக்கு இருப்பவன் உன் தம்பி ஒருவன்தான். அவனோடும் நான் பேசுவதில்லை.

வண்டி கிளம்புகிறது. நாளை மறுபடி போட்டி. அவன் பலகைக்கு நான்கு தடவை மெழுகு தேய்த்திருக்கிறேன். தோற்றால் சொல்ல அந்தப் பயலுக்கு ஒரு சாக்கும் மிஞ்சக் கூடாது.

உன்,
லியோன்ஹார்ட்