ஊமைப்படத்தின் தந்தைக்கு என் குரல்

தை மாதம், வெள்ளிக்கிழமை இரவு.

தரையில் பள்ளிகொண்ட பெருமாளே, இதற்கும் நீயே சாட்சி.

இன்று மாலை கோவளம் கடற்கரையில் பழைய ஊமைப்படம் ஒன்றைத் திரையிட்டார்கள். இடையிடையே தோன்றும் ஆங்கில வசனங்களைத் தமிழில் உரக்கப் படிக்கும் பொறுப்பு எனக்கு. படத்தில், ரயிலில் தற்செயலாகச் சந்தித்த மீனவனைச் செல்வர் வீட்டுப் பெண் விரும்புகிறாள். "உன் நிலைக்கு என் வாசலில் என்ன வேலை? வெளியே போ" என்று அவள் தந்தை விரட்டுவதையும் படித்தேன்.

விளக்கு எரிந்த பிறகே, பக்கத்தில் இருந்தவர் படகுக்காரர் அந்தோணி என்று கண்டேன். அவர் மகனை மணக்க என் மகள் சம்மதம் கேட்டிருக்கிறாள். அதுவரை நான் பதில் சொல்லியிருக்கவில்லை.

"இன்னா பெரியவரே, மத்தவங்களுக்கு எல்லாம் படிச்சீங்கோ. அந்த அப்பனுக்கு மட்டும் சொந்தமா பேசினா மாரி இருந்திச்சே" என்று சிரித்தார்.

வீடு திரும்பியதும் மகளைக் கூப்பிட்டேன். ஞாயிறன்று சம்பந்தம் பேச நானே அந்தோணி வீட்டுக்குப் போவதாக அவளிடம் சொல்லிவிட்டேன். அவ்வீட்டாரும் இவ்வீட்டாரும், என்றேனும் இதைப் படிப்பவரும் நலமே வாழ்க.